உதடு தெரியாத ஒன்பது விநாடி

1

உண்மையைச் சொல்லிவிடுகிறேன். இது கட்டுரையாக வந்திருக்க வேண்டியது. ஒரு பத்திரிகை ஆசிரியர் தொலைபேசியில் கூப்பிட்டு, "கௌபாய் படத்தைக் கொரியாக்காரங்க எடுத்தா கண்ணுக்கு எப்படி இருக்கும்னு ஆயிரம் வார்த்தை எழுதிக் குடுங்க. அந்த மாதிரி ஒரு படத்துக்குத் தமிழ் வசனம் எழுதினவராச்சே நீங்க" என்றார். சினிமா சிறப்பிதழாம். ஆயிரம் வார்த்தை எனக்குத் தண்ணீர் பட்ட பாடு. உட்கார்ந்தேன், எழுதினேன், எண்ணிப் பார்த்தேன். ஆயிரமும் இருந்தது. ஆனால் குதிரை இரண்டே இடத்தில்தான் வந்தது. மிச்ச இடத்தையெல்லாம் வேறொருவர் பிடித்துக்கொண்டு காலை நீட்டி உட்கார்ந்திருந்தார். அவரை எழுப்பிவிட எனக்கு மனம் வரவில்லை. அதனால் கதையாகிவிட்டது.

தொடங்குவதற்கு முன் ஓர் எச்சரிக்கை. சதுர அடைப்புக்குறிக்குள் வருபவை நான் எழுதியவை அல்ல. கையெழுத்துப் படியின் ஓரத்தில் சிவப்புப் பேனாவால் ஒருவர் எழுதிக் கொடுத்தவை. ஒரு எழுத்துகூட மாற்றாமல் அச்சிட வேண்டும் என்பது அவருடைய நிபந்தனை. அவர் யார் என்று பின்னால் சொல்கிறேன்.

[பின்னால எதுக்கு? இப்பவே சொன்னா என்ன? பயம்.]

பார்த்தீர்களா? கதை நெடுக இப்படித்தான் இருக்கும். பழகிக்கொள்ளுங்கள்.

முதல் தொடக்கம்: "பாலைவனத்தின் நடுவே, ரத்தச் சிவப்புச் சூரியனுக்குக் கீழே, குதிரையின் மேல் இரண்டு –"

[பாலைவனம் எங்க வந்துச்சு? அது புல்வெளி. சூரியனும் கிடையாது. படம் முழுக்க மேகம்.]

சரி. இரண்டாம் தொடக்கம்: "மஞ்சள். எங்கும் மஞ்சள். கண்ணுக்கு எட்டிய தூரம் –" இது பெயிண்ட் கடை விளம்பரம்போல் இருந்ததால் நானே விட்டுவிட்டேன். மூன்றாவதில் "கண்ணுக்கு விருந்து" என்று எழுதி, எனக்கே வெட்கமாகி அடித்துவிட்டேன். நான்காவதாக ஒன்று வைத்திருந்தேன். அது நன்றாகவே இருந்தது. ஆனால் அதில் பொய் அதிகம். ஆகவே தொடக்கம் இல்லாமலே உள்ளே போய்விடலாம், வாருங்கள்.

2

படத்தின் பெயரைச் சொல்ல மாட்டேன். காரணம் கடைசியில் தெரியும்.

படத்தில் முக்கியமாக இரண்டு பேர். ஒருவன் மூக்கிலிருந்து தாடைவரை நீலத் துணி கட்டியிருப்பான். தூங்கும்போதுகூட அவிழ்க்க மாட்டான். அவன் துணிக்காரன். மற்றவன் இரண்டு பேர் ஒதுங்கி நிற்கலாம் போன்ற ஒரு தொப்பி போட்டிருப்பான். அவன் தொப்பிக்காரன். ஒரே கொள்ளைக் கூட்டத்தில் இருந்தவர்கள். தொப்பிக்காரன் பதுங்கியிருந்த இடத்தைத் துணிக்காரன் வாய் தவறி வெளியே சொல்லிவிடுகிறான். அந்த இடம் சல்லடையாகிறது. தப்பித்த தொப்பிக்காரன் துணிக்காரனைச் சுட்டே தீருவேன் என்று துரத்துகிறான். இவ்வளவுதான் கதை. இதை என் அண்ணியிடம் சொன்னபோது, "இதுக்கு ரெண்டு மணி நேரமா?" என்று கேட்டாள்.

ஆனால் அந்த இரண்டு மணி நேரத்தைப் பார்க்க வேண்டும். காய்ந்த புல்லின் மஞ்சளில் கன்னங்கரேலென்று ஒரு ரயில் போகும். காற்று புகையை மேலே போகவிடாமல் அமுக்க, அது ரயிலின் நீளத்துக்கு இன்னொரு கறுப்பு ரயிலாகப் புல்மேல் படுத்துக்கொண்டு கூடவே வரும். துணிக்குச் சாயம் போடும் கொட்டகையில் ஒரு சண்டை. கூரையிலிருந்து நனைந்த துணிகள் தொங்கும், சிவப்பு, கருநீலம். சுடுகிறவன் தெரியமாட்டான். துணியில் வட்ட வட்டமாக ஓட்டை விழும். ஓட்டைக்கு ஒன்றாக விளக்கு வெளிச்சம் கம்பிபோல் உள்ளே நீளும். அந்தக் கம்பிகளை எண்ணித்தான் எத்தனை தோட்டா மிச்சமென்று தொப்பிக்காரன் கணக்குப் போடுவான். எழுதுகிறவனுக்கு இதைப் பார்த்தால் வயிற்றெரிச்சல்தான் வரும். எனக்கு வந்தது.

இன்னொன்றும் உண்டு. மற்ற நாட்டுக் கௌபாய்கள் துப்பாக்கியை எடுத்தால் சுடுவார்கள். இந்தப் படத்தில் நெற்றிக்கு நேராகத் துப்பாக்கியை நீட்டிக்கொண்டு, "உனக்கு என்ன வயசு?" என்று கேட்பார்கள். பெரியவன் யாரென்று தெரிந்தால்தானே எந்த மரியாதையில் பேசுவது என்று தெரியும். எதிராளி நான்கு வயது மூத்தவன் என்று தெரிந்ததும், அதுவரை "நீ" என்றவன் "நீங்க" என்று மாறுவான். மாறிவிட்டு மரியாதையாகச் சுடுவான். இதை நாம் சிரமமே படாமல் தமிழில் கொண்டுவந்துவிடலாம். துணிக்காரன் தொப்பிக்காரனைக் கூப்பிடும் சொல்லுக்குக்கூட, எனக்குத் தரப்பட்ட பொருள் பட்டியலில் "அண்ணன்" என்றே போட்டிருந்தது.*

* பொருள் பட்டியல் என்பது ஒவ்வொரு வசனமும் எத்தனை விநாடி, அதற்கு நேர் அர்த்தம் என்ன என்று கொரிய மொழி தெரிந்தவர்கள் போட்டுக் கொடுக்கும் தாள். அதைப் பார்த்து வாயசைவுக்குப் பொருந்தத் தமிழ் எழுதுவது என் வேலை. திரையில் உதடு மூடினால் என் வசனத்திலும் அந்த இடத்தில் ப, ம மாதிரி உதடு ஒட்டும் எழுத்து வர வேண்டும். இதற்காக நான் "அண்ணா" என்று வர வேண்டிய இடத்தில் "அப்பா" என்றும், "ஐயோ" என்று வர வேண்டிய இடத்தில் "பாவம்" என்றும் போட்டுச் செய்திருக்கும் தில்லுமுல்லுகள் ஏராளம். உதடு தெரியாத ஷாட் வந்தால் எங்களுக்குத் திருவிழா. முதுகு, இருட்டு, தூரத்து ஆள், வாயில் துணி, இதிலெல்லாம் எதை வேண்டுமானாலும் வைக்கலாம்.

[எதை வேணும்னாலும் வைக்கலாம், சரி. ஆனா மூச்சு விட இடம் வைக்கணும். இவன் எழுதற வசனத்தப் பேசினா ஆள் நீலமாயிடுவான்.]

3

இனி பாத்திரங்கள். இந்தப் படத்துக்குக் குரல் கொடுத்த இரண்டு டப்பிங் கலைஞர்களைப் பற்றிய கதை இது. இருவரும் அண்ணன் தம்பி. அண்ணன் தொப்பிக்காரனுக்கு, தம்பி துணிக்காரனுக்கு. ஒரு சொத்துத் தகராறில் இருவருக்கும் பேச்சுவார்த்தை நின்று மூன்று வருடமாகிறது. டப்பிங்கில் ஒவ்வொருவரும் தனித்தனியாகத்தான் வந்து பேசிவிட்டுப் போவார்கள் என்பதால் –

[என்ன சொத்து? எங்கப்பா விட்டுட்டுப் போனது ஒரு சைக்கிள், ஒரு குடை. சைக்கிள இவனே வச்சுக்கிட்டான்.]

போச்சு. உளறிவிட்டார்.

[உளறல. வேணும்னுதான்.]

சரி, ஒப்புக்கொள்கிறேன். இரண்டு டப்பிங் கலைஞர்கள் இல்லை, ஒருவர்தான். அவர் என் அண்ணன். தம்பி நான், வசனம் எழுதுகிறவன். சிவப்புப் பேனா அவருடையது. இந்தக் கதையை அச்சுக்குக் கொடுக்கும் முன் அவரிடம் கொடுத்துவிட்டேன். ஏன் கொடுத்தேன் என்பதுதான் அடுத்த பகுதி. அதை எழுதுவதற்குள் மூன்று முறை எழுந்து போய்த் தண்ணீர் குடித்துவிட்டு வந்தேன்.

4

அண்ணனுக்குப் பதினேழு குரல்கள் உண்டு. இதை எண்ணியது நானல்ல. டப்பிங் இயக்குநர் அம்மா. எத்தனை முறை பேசினாலும் "இன்னொண்ணு போலாம்" என்பதால் அவருக்கு 'இன்னொண்ணு மேடம்' என்றே பெயர். அண்ணனின் குரல்களுக்கு எண் போட்டு ஒரு பட்டியல் எழுதி, ஒலிப்பதிவு அறைக் கண்ணாடியில் ஒட்டிவைத்திருக்கிறார். மூன்று, கொடுமைக்கார முதலாளி. ஐந்து, பாசமான போலீஸ். பதினொன்று, கரடி. மேடம் "ஆறு போடுங்க சார்" என்றால் ஆறு வரும்.

நாங்கள் பேசிக்கொண்டிருந்த காலத்தில் ஒருநாள் அண்ணன் என்னிடம் ஒன்று சொன்னார். அப்பா இறந்த அன்று அவருக்கு அழுகை வந்ததாம். வந்த அழுகை அவருடையது இல்லையாம். ஏதோ ஒரு படத்துக்கு அழுத அழுகை, அதே ஏற்ற இறக்கத்தோடு, அதே இடத்தில் விக்கலோடு வந்ததாம். "என் குரல் எதுன்னே எனக்குத் தெரியலடா. யாருகிட்டயும் சொல்லாத" என்றார். நான் தலையாட்டினேன்.

ஆறே மாதத்தில் அதைக் கதையாக எழுதினேன். நகைச்சுவைக் கதை. தலைப்பு 'வாடகைத் தொண்டை'. அதில் ஒரு டப்பிங் கலைஞன் மனைவியிடம் கரடிக் குரலில் சோப்பு கேட்பான். அப்பா செத்ததற்குப் படத்து அழுகையை அழுவான். கூடியிருந்தவர்கள் கை தட்டுவார்கள். கதை பிரமாதமாக எடுபட்டது. ஒலிப்பதிவுக் கூடங்களில் அண்ணனைப் பார்த்து, "என்ன வாடகைத் தொண்டை, எப்படி இருக்கீங்க?" என்று கேட்க ஆரம்பித்தார்கள். அண்ணன் என்னிடம் சண்டை போடவில்லை. பேசுவதை நிறுத்திவிட்டார். அவ்வளவுதான். குரலை வைத்துப் பிழைக்கிறவர் ஒருவனிடம் மட்டும் குரலை நிறுத்தினால் அது எப்படியிருக்கும் என்று எனக்கு நன்றாகத் தெரியும்.

நான் செய்தது துரோகம். அதற்கு வேறு நல்ல வார்த்தை தேடினேன், கிடைக்கவில்லை.

அண்ணே, இந்தப் பகுதியை எடுத்துவிடச் சொன்னால் எடுத்துவிடுகிறேன். கதை நொண்டினாலும் பரவாயில்லை.

[இருக்கட்டும். ஆனா அது நீ போன கதையில எழுதின படத்தோட அழுகை இல்ல. அதுக்கு முந்தின படம். எழுதறதுதான் எழுதற, சரியா எழுது.]

5

மூன்று வருடத்தில் நான் அனுப்பிய குறுஞ்செய்திகள் நாற்பதுக்கு மேல். ஒன்றையும் அண்ணன் திறந்து பார்க்கவில்லை. நேரில் போனால் முகத்தைத் திருப்பிக்கொள்வார். அண்ணிதான் நடுவில். "உங்க அண்ணன் கேக்கறாரு, சைக்கிளுக்குக் காத்து அடிச்சியான்னு" என்பாள். அண்ணன் அவள் பக்கத்திலேயே நின்றுகொண்டிருப்பார்.

இந்த நிலையில்தான் அந்தக் கொரியப் படம் வந்தது. தொப்பிக்காரனுக்கு அண்ணன் குரல் என்று முடிவாயிற்று. துணிக்காரனுக்கு வேறொருவர், எந்நேரமும் கையில் குடுவையும் வெந்நீருமாகத் திரிவதால் அவருக்கு 'வெந்நீர்' என்று பெயர். வசனம் நான். நான்தான் எழுதுகிறேன் என்று தெரிந்தும் அண்ணன் மறுக்கவில்லை. தொழில் வேறு, வீடு வேறு என்று அண்ணியிடம் சொன்னாராம்.

படத்தின் கடைசிக் காட்சி இது. மஞ்சள் புல்வெளி. துணிக்காரனின் குதிரை நொண்டி நின்றுவிட்டது. தொப்பிக்காரன் எதிரே வந்து துப்பாக்கியை எடுக்கிறான். பொருள் பட்டியலில் இப்படி இருந்தது:

துணிக்காரன் (14 விநாடி, வாயில் துணி): அண்ணே, என் குதிரையின் காலில் முள் ஏறிவிட்டது. இனி ஓட முடியாது. சுடுவதானால் சுடு.

தொப்பிக்காரன் (9 விநாடி, மிகத் தூரக் காட்சி): முதலில் அந்த முள்ளை எடு.

இதைப் பார்த்ததும் என் கை குறுகுறுத்தது. பதினான்கு விநாடி. வாயில் துணி. அண்ணன் படித்தே ஆக வேண்டிய தாள் ஒன்று உலகத்தில் இருக்கிறதென்றால் அது வசனத் தாள்தான். வெந்நீர் பேசி வைத்ததைக் காதில் கேட்டுக்கொண்டுதான் அண்ணன் அதற்குப் பதில் பேச வேண்டும். நான் முள்ளையும் குதிரையையும் தூக்கிவிட்டு இதை எழுதினேன்:

"அண்ணே, நீ எனக்கு மட்டும்னு சொன்னத நான் ஊருக்கே சொல்லிட்டேன். நாலு பேர் சிரிக்கணும்னு சொன்னேன். நீ கோபப்பட்டது சரி. நான் செஞ்சதுதான் தப்பு."

தொப்பிக்காரனின் ஒன்பது விநாடியை எழுதாமல் விட்டேன். கோடு மட்டும் போட்டு, "கலைஞர் விருப்பம்" என்று குறித்தேன். இருபது வருடத் தொழிலில் நான் ஒரு வரியைக் காலியாக விட்டுக் கொடுத்தது அதுதான் முதல் தடவை.

[மொத்தமா ஒன்பது செகண்டும் மூச்சுக்கு விட்டான்னு நெனச்சேன்.]

6

ஒலிப்பதிவு காலை பத்து மணிக்கு. சுவரெல்லாம் மெத்தை தைத்த சின்ன அறை. பேசும்போது ஏசியை நிறுத்திவிடுவார்கள், அந்தச் சத்தமும் மைக்கில் விழும் என்பதால். கைக்கடிகாரம், செருப்பு எல்லாவற்றையும் வெளியே கழற்றிவைத்துவிட்டு அண்ணன் உள்ளே நிற்கிறார். கண்ணாடிக்கு இந்தப் பக்கம் இன்னொண்ணு மேடமும் நானும்.

வெந்நீர் பத்தரைக்கு வந்தார். ஒரு துண்டுச் சீட்டை நீட்டினார். "தொண்டை போச்சு. மன்னிக்கவும்" என்று எழுதியிருந்தது. குடுவையைத் தூக்கிக்கொண்டு போய்விட்டார்.

மேடம் பட்டியலைப் பார்த்தார். உள்ளே பேசும் பொத்தானை அழுத்தினார். "சார், துணிக்காரனுக்கு மொத்தம் இருபத்திரெண்டு லைன்தான். அதையும் நீங்களே போட்டுடுங்க. ஏழாம் நம்பர்."

மூன்று வருடம் காத்திருந்து ஒருவழியாக நான் கேட்ட மன்னிப்பு, அண்ணன் வாயிலிருந்தே அண்ணனுக்குப் போகப்போகிறது. இந்த மாதிரி ஒரு கிறுக்குத்தனம் என்னைத் தவிர வேறு யாருக்கும் வாய்க்காது.

மாலைக்கு முன்னால் கடைசிக் காட்சிக்கு வந்தோம். அண்ணன் தாளைத் திருப்பினார். படித்தார். மறுபடி படித்தார். மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டிக்கொண்டு இன்னொரு தரம் படித்தார்.

"மேடம், இது ஒரிஜினல்ல இருக்கா?"

மேடம் என்னைப் பார்த்தார். "வாயில துணி கட்டியிருக்கு மேடம். எத வேணும்னாலும் வைக்கலாம்" என்றேன்.

"துணி கட்டியிருக்காம் சார். எத வேணும்னாலும் வைக்கலாமாம்."

முதல் டேக். ரயில் நிலையத்தில் அறிவிப்புச் செய்வதுபோலப் பேசினார்.

"இன்னொண்ணு போலாம். அவன் மன்னிப்பு கேக்கறான் சார், வழி கேக்கல."

இரண்டாவது. மூன்றாவது. நான்காவது.

"நல்லாருக்கு. ஆனா வருத்தம் வரலியே சார். அவன் நிஜமாவே வருத்தப்படறான்."

"அவன் வருத்தப்படறானான்னு எனக்கு எப்படி மேடம் தெரியும்?"

மேடம் என் பக்கம் திரும்பினார். "வருத்தப்படறானா?"

"ரொம்ப மேடம்."

பொத்தானை அழுத்தினார். "ரொம்பவாம்."

"அப்ப மூணு வருஷமா என்ன பண்ணிட்டிருந்தானாம்?"

மேடம் பொருள் பட்டியலைப் புரட்டினார். "மூணு வருஷமா? கதையே ஒரு வாரத்துலதானே சார் நடக்குது?"

"தைரியம் வரல மேடம்" என்றேன் நான். "நாப்பது தடவ எழுதிப் பாத்தான். தூரத்துலேருந்துதான் எழுத வந்துச்சு. பக்கத்துல வந்து சொல்ல வரல."

மேடம் என்னையும் கண்ணாடியையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு பொத்தானை அழுத்தி, மெதுவாக, "தைரியம் வரலியாம் சார்" என்றார்.

உள்ளே அண்ணன் தாளை மறுபடி நேராகப் பிடித்தார். ஏசி இல்லாத அறையில் அவருடைய சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது. "போலாம்" என்றார்.

பன்னிரண்டாவது டேக்கில் "நான் செஞ்சதுதான் தப்பு" என்ற இடத்தில் குரல் லேசாக உடைந்தது. மேடம் இன்னொண்ணு கேட்கவில்லை.

[பன்னெண்டு இல்ல, பதினொண்ணு. உடையல. தொண்டை காஞ்சிருந்துச்சு. தண்ணி குடுக்க ஒரு ஆள் இல்ல.]

7

அடுத்தது அந்த ஒன்பது விநாடி.

திரையில் தூரத்தில் இரண்டு புள்ளிகள். ஒன்று கொஞ்சம் பெரியது, அது தொப்பி. புல் ஒரே பக்கமாகச் சாய்கிறது. அவ்வளவு பெரிய மஞ்சளில் அந்த இரண்டு புள்ளியைத் தவிர ஒன்றுமில்லை. பார்க்கப் பார்க்க, அந்த இரண்டும் ஒன்றை நோக்கி ஒன்று நகர்கிறதா, நம் கண்தான் நகர்த்துகிறதா என்று சந்தேகம் வரும். அப்படி ஒரு ஷாட்.

தூரக் காட்சிக்குப் பேசும்போது மைக்கைவிட்டு மூன்றடி பின்னால் போய், சுவரைப் பார்த்துத் திரும்பி நின்று பேசுவது அண்ணன் பழக்கம். அப்போதுதான் குரலில் தூரம் வரும். அப்படியே திரும்பினார். எனக்கு முதுகு மட்டும் தெரிந்தது. மேடமோ தூரத்தைத் துல்லியமாகக் கேட்க வேண்டுமென்று அறை ஸ்பீக்கரை அணைத்துவிட்டு ஹெட்ஃபோன் மாட்டிக்கொண்டார்.

ஆக, எனக்குக் குரலும் கேட்கவில்லை, உதடும் தெரியவில்லை. இருபது வருடமாக உதடு தெரியாத ஷாட்டில் மற்றவர்களை ஏமாற்றியவன் அன்று நன்றாக மாட்டிக்கொண்டேன். அண்ணனின் தோள் ஒரு தரம் ஏறி இறங்கியது. அதுமட்டும் பார்த்தேன்.

"ஓகே" என்றார் மேடம். முதல் டேக்கிலேயே. அந்தக் கூடத்தின் வரலாற்றில் அது நடந்ததில்லை.

அண்ணன் வெளியே வந்தார். கடிகாரத்தைக் கட்டினார், செருப்பை மாட்டினார். மேடத்திடம் மட்டும் "வரேன்" என்றார். பேசி முடித்த வசனத் தாள்கள் குப்பைக் கூடைக்குத்தான் போகும். யாரும் வீட்டுக்குக் கொண்டுபோவதில்லை. அண்ணன் கடைசித் தாளை மட்டும் நான்காக மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு போனார்.

"என்ன மேடம் சொன்னாரு?" என்று கேட்டேன்.

"வார்த்தைய யாரு கவனிச்சா? குரலோட லெவல் சரியா இருக்கான்னு பாத்தேன். சரியா இருந்துச்சு."

"ஒண்ணுகூட ஞாபகம் இல்லியா?"

மேடம் கண்ணாடியில் ஒட்டியிருந்த பட்டியலை ஒன்றிலிருந்து பதினேழுவரை விரலால் தொட்டுக்கொண்டே வந்தார். "வார்த்தை ஞாபகம் இல்ல. ஆனா அந்தக் குரல் இந்த லிஸ்ட்டுல இல்ல. பதினெட்டுன்னு எழுதணும்போல."

இந்த இடத்தில் அண்ணன் ஓரத்தில் ஒன்றும் எழுதவில்லை. பேனாவை வைத்து அழுத்திய ஒரு சிவப்புப் புள்ளி மட்டும் இருக்கிறது.

8

படத்தைப் பார்த்துத் தெரிந்துகொள்ளலாமே என்று கேட்பீர்கள். பார்த்தேன். கடைசி ஒலிக் கலவையில் அந்த இடத்தில் ரயில் சத்தத்தைச் சேர்த்துவிட்டார்கள். ஒன்பது விநாடியும் ரயில் அலறுகிறது. அடியில் ஏதோ ஒரு குரல் இருப்பது தெரிகிறது, அவ்வளவுதான். தியேட்டரில் மூன்று தரம், வீட்டில் காதை ஒட்டவைத்துப் பதினாறு தரம் கேட்டுவிட்டேன். படத்தின் பெயரை நான் சொல்லாததற்கு இதுதான் காரணம். நீங்களும் போய்க் காதைக் கெடுத்துக்கொள்ள வேண்டாம்.

கதைக்கு முடிவு வேண்டுமே. மூன்று எழுதினேன்.

முடிவு ஒன்று. அண்ணன் சொன்னது: "உன்னை மன்னித்துவிட்டேன், தம்பி. கண்ணைத் துடைத்துக்கொள்."

[நான் என்னைக்குடா இப்படிப் பேசியிருக்கேன்? இது அஞ்சாம் நம்பர் போலீஸ்.]

முடிவு இரண்டு. அண்ணன் என்னைக் கண்டபடி திட்டினார். மூன்று வருடத்துக்கும் சேர்த்து. மேடத்துக்கு அது காதில் விழுந்தும், என் மானத்தைக் காப்பாற்ற ஞாபகமில்லை என்றார்.

[ஒன்பது செகண்ட்ல முடியற திட்டா அது?]

முடிவு மூன்று. அண்ணன் பொருள் பட்டியலில் இருந்ததையே சொன்னார்: "மொதல்ல அந்த முள்ள எடு."

[இது நல்லாருக்கு. ஆனா இது இல்ல.]

9

கதையை அச்சுக்கு முன்னால் அண்ணனிடம் கொடுத்தேன் என்று சொன்னேன் அல்லவா. 'வாடகைத் தொண்டை'யை அவர் அச்சில்தான் படித்தார். அதுவும் யாரோ பக்கத்தில் உட்கார்ந்து சத்தமாகப் படித்துச் சிரித்தபோது. இந்தத் தடவை முதல் வாசகர் அவர்தான் என்று முடிவு செய்தேன். வேண்டாம் என்றால் கிழித்துப் போட்டுவிட்டு, ஆசிரியருக்குக் குதிரைகளைப் பற்றி ஆயிரம் வார்த்தை எழுதிக் கொடுத்துவிடுவது. படியை அண்ணி கையில் கொடுத்தேன். எட்டாம் பகுதிக்குக் கீழே இப்படி ஒரு வரி சேர்த்திருந்தேன்: "அண்ணே, அந்த ஒன்பது விநாடியில் என்ன சொன்னாய்? இங்கே எழுது." அதற்குக் கீழே ஒரு கோடு.

நான்கு நாள் ஒன்றும் வரவில்லை. ஐந்தாம் நாள் அண்ணி வந்து உறையைக் கொடுத்தாள்.

"படிச்சாரா அண்ணி?"

"சாப்பிடற மேஜையில உக்காந்து சத்தமா படிச்சாரு. எல்லாருக்கும் ஒவ்வொரு குரல் போட்டு. உனக்குக்கூட ஒண்ணு போட்டாரு."

"எனக்கு எப்படி?"

"கொஞ்சம் கீச்சுன்னு."

"சிரிச்சாரா?"

"ரெண்டு எடத்துல. எந்த எடம்னு சொல்லக் கூடாதுன்னு சொல்லிட்டாரு." வாசல்வரை போனவள் திரும்பி நின்றாள். "ஆனா ஒண்ணு. நீ உன்னையே திட்டிக்கிற எடம் வந்தப்ப எழுந்து போயிட்டாரு. தண்ணி குடிச்சிட்டு வந்தாரு. மூணு தடவ."

உறையைப் பிரித்து நேரே கோட்டுக்குப் போனேன். கோடு காலியாக இருந்தது. நான் எழுதியிருந்த "ஒன்பது விநாடி"யில் 'ஒன்பது' மட்டும் அடிக்கப்பட்டிருந்தது. பக்கத்தில் சிவப்பில்:

[ஒன்பது இல்ல. ஏழு. ரெண்டு செகண்ட் மூச்சு.]

தோள் ஏறி இறங்கியது அதுதான். நான் எழுத மறந்ததை அவர் தானாகவே எடுத்துக்கொண்டார். என்ன சொன்னார் என்று இனி நான் கேட்கப்போவதில்லை. ஒருமுறை அவர் எனக்கு மட்டும் சொன்னதை ஊருக்குச் சொன்னேன். இந்தமுறை எனக்கே தெரியாதது எவ்வளவு நிம்மதி என்று உங்களுக்குச் சொல்லிப் புரியவைக்க முடியாது.

ஆகவே முடிவை உங்களிடம் விட்டுவிட்டு, இந்தப் பகுதியையும் சேர்த்துப் படியை மறுபடி அண்ணனுக்கே அனுப்புகிறேன். மஞ்சள் புல்வெளி. தூரத்தில் இரண்டு புள்ளிகள். உதடு தெரியாது. ஏழு விநாடி. மூத்தவன் இளையவனிடம் பேசுகிறான். கோடு இதோ:

தொப்பிக்காரன் (7 விநாடி): ______________________

[எழுதப்போறவங்களுக்கு ஒரு வார்த்தை. என்ன எழுதினாலும் முன்னாடி அந்த ரெண்டு செகண்ட் மூச்சுக்கு இடம் விடுங்க. இல்லன்னா குரல் வராது. டேய், உனக்கும்தான்.]